லினக்ஸில் பிசி ஆர்கேட் கேம்கள்: பட்டோசெராவில் டைப் எக்ஸ், லிண்ட்பெர்க் அமைக்க முழுமையான வழிகாட்டி

2004க்குப் பிறகு ஜப்பானிய ஆர்கேட் கூடங்களுக்கு வந்த பெட்டிகளில் நிறையவற்றைத் திறந்து பார்த்தால் உள்ளே இருப்பது கம்ப்யூட்டர்தான். டைட்டோ நிறுவனம் 2004இல் டைப் எக்ஸ் பலகையைக் கொண்டுவந்தது. இன்டெல் ப்ராசஸர், கிராஃபிக்ஸ் கார்டு, ஹார்ட் டிஸ்க், அதன்மேல் விண்டோஸ் எக்ஸ்பி எம்பெடட். அடுத்த ஆண்டு செகா தன் லிண்ட்பெர்க்கை இறக்கியது. 3 கிகாஹெர்ட்ஸ் பென்டியம் 4, என்விடியா ஜிஃபோர்ஸ் 6 வரிசை கார்டு, 1 ஜிபி நினைவகம், மேலே ஓடியது மான்டாவிஸ்டா லினக்ஸ். ஸ்ட்ரீட் ஃபைட்டர் 4, பிளேஸ்புளூ, ரெய்டன் 3 எல்லாம் டைப் எக்ஸ் குடும்பம். தி ஹவுஸ் ஆஃப் தி டெட் 4, விர்ச்சுவா ஃபைட்டர் 5, ஆஃப்டர் பர்னர் கிளைமாக்ஸ் எல்லாம் லிண்ட்பெர்க்.

அதனால் இவற்றை வீட்டில் ஓட்டுவது நியோ ஜியோ, சிபிஎஸ்-2 போன்ற பழைய ஆர்கேட் பலகைகளின் கேம்களை ஓட்டுவதிலிருந்து அடிப்படையிலேயே வேறுபட்டது. அங்கே எமுலேட்டர் ஒரு முழு ப்ராசஸரையே மென்பொருளில் நடிக்க வைக்கிறது. இங்கே அந்த வேலையே இல்லை. கேமில் இருக்கும் கட்டளைகளை உங்கள் ப்ராசஸர் நேரடியாகவே ஓட்டும். கேமுக்கு வேண்டியது அதைச் சுற்றி ஒரு பெட்டி: நாணயம் போடும் இடம், பொத்தான் பலகை, பாதுகாப்புச் சாவி, 60 ஹெர்ட்ஸ் திரை, எழுதிவைக்க ஒரு டிரைவ். அது தொடங்கும்போது இவை ஒவ்வொன்றும் இருக்கிறதா என்று வரிசையாகக் கேட்கும். ஏதாவது ஒன்றுக்குப் பதில் வராவிட்டால் அங்கேயே நின்றுவிடும். கறுப்புத் திரை, பிழை எண், திடீரென்று மெனுவுக்குத் திரும்புவது என்று எது நடந்தாலும், "கேம் இப்போது எதைக் கேட்கிறது?" என்று யோசிக்கப் பழகினால் அமைப்பது சுலபமாகிவிடும். கீழே உள்ள படிகள் எல்லாமே இந்த வரிசையில்தான் போகின்றன. அவற்றுக்கு நாம் எடுத்துக்கொள்வது பட்டோசெரா, அதாவது பழைய கேம்களை ஓட்டவே செய்த ஒரு லினக்ஸ் இயங்குதளம்.

கேம் எங்கிருந்து?

இதை முதலிலேயே பேசிவிடலாம். இந்த கேம்களின் உரிமை இன்றும் உயிரோடு இருக்கிறது. சொந்தமாகப் பலகை வைத்திருப்பவர்கள் அதிலுள்ள கேமைப் பாதுகாத்து ஓட்டுவதை மனதில் வைத்துத்தான் இதை எழுதுகிறேன். பழைய ஹார்ட் டிஸ்க்குகள் ஒவ்வொன்றாகச் செத்துக்கொண்டிருக்கின்றன, கெபாசிட்டர்கள் ஒழுகுகின்றன, பாதுகாப்புச் சாவி தொலைந்தால் பலகையே பயனற்றுப் போகிறது. இந்த வேலையின் மதிப்பு அங்கேதான் இருக்கிறது.

பலகை இல்லாதவர்களுக்கும் நேர்மையான வழி உண்டு. டைப் எக்ஸ் கேம்களில் பல பின்னாளில் ஸ்டீம் என்ற இணையக் கேம் கடையில் வந்துவிட்டன. ரெய்டன் 3, ரெய்டன் 4, பிளேஸ்புளூ: கேலமிட்டி ட்ரிக்கர், அல்ட்ரா ஸ்ட்ரீட் ஃபைட்டர் 4, தி கிங் ஆஃப் ஃபைட்டர்ஸ் 13 எல்லாம் அங்கே வெளியானவை. பட்டோசெராவில் ஸ்டீமை நிறுவி இவற்றை வாங்கி ஓட்டலாம். நாணயப் பொத்தான் இருக்காது, மற்றபடி ஆட்டம் அதேதான். புதிதாக இறங்குபவர்கள் இதிலிருந்தே தொடங்குங்கள். திரை, கன்ட்ரோலர், கிராஃபிக்ஸ் டிரைவர் மூன்றும் சரியாக இருக்கிறதா என்று இதிலேயே தெரிந்துவிடும்.

கம்ப்யூட்டர் எப்படி இருக்க வேண்டும்

ராஸ்பெர்ரி பை வேண்டாம். இந்த கேம்கள் எல்லாம் இன்டெல் வகை ப்ராசஸருக்கு எழுதப்பட்டவை, பை ஓட்டுவது ஆர்ம் கட்டளைகளை. இடையில் மொழிபெயர்க்கும் மென்பொருள்கள் இருந்தாலும், அதில் செலவாகும் நேரத்துக்கு ஒரு பழைய அலுவலக டெஸ்க்டாப் வாங்கிவிடலாம். ப்ராசஸர் வலு இங்கே பெரிய பிரச்சினை இல்லை. கடந்த பத்தாண்டில் வந்த எந்த நான்கு கோர் ப்ராசஸரும் ஒரு பென்டியம் 4 செய்த வேலையைத் தாராளமாகச் செய்யும்.

கவனிக்க வேண்டியது கிராஃபிக்ஸ் கார்டு. டைப் எக்ஸ் கேம்கள் விண்டோஸின் டைரக்ட் எக்ஸ் முறையில் வரைபவை. லினக்ஸில் அந்த அழைப்புகளை வல்கன் என்ற கிராஃபிக்ஸ் முறைக்கு மாற்றித் தருவது டிஎக்ஸ்விகே என்ற மென்பொருள். அதன் 2.0 பதிப்பிலிருந்து வல்கன் 1.3 கட்டாயம். என்விடியாவின் கெப்ளர் தலைமுறைக் கார்டுகள் 470 வரிசை டிரைவரோடு நின்றுவிட்டன. அவற்றில் வல்கன் 1.2 வரைதான் உண்டு, அதனால் புதிய டிஎக்ஸ்விகே ஓடாது. வாங்கும் முன் இதைப் பாருங்கள். ஜிடிஎக்ஸ் 1050 போன்ற ஒரு பழைய கார்டே இந்த வேலைக்குப் போதும். லிண்ட்பெர்க்கையும் ஓட்டப் போகிறீர்கள் என்றால் என்விடியாவாக இருப்பது நல்லது. காரணத்தைக் கீழே சொல்கிறேன்.

திரை 60 ஹெர்ட்ஸில் ஓட வேண்டும். இவற்றில் பல கேம்கள் ஒரு ஃப்ரேமுக்கு ஒரு அடி என்று நேரத்தைக் கணக்கிடுபவை. 144 ஹெர்ட்ஸ் மானிட்டரில் அப்படியே விட்டால் சண்டைக்காரர்கள் இரண்டு மடங்குக்கும் மேலான வேகத்தில் பறப்பார்கள்.

பட்டோசெராவை நிறுவுதல்

இது சுருக்கமான வேலை. 64-பிட் பிசிக்கான இமேஜை இறக்கி, எட்சர் போன்ற கருவியால் 16 ஜிபி அல்லது அதற்கு மேற்பட்ட பென்டிரைவில் எழுதி, அதிலிருந்து பூட் செய்யுங்கள். தொடங்க மறுத்தால் பயாஸில் செக்யூர் பூட்டை அணைத்துப் பாருங்கள். முதல்முறை பூட் ஆகும்போது மீதி இடத்தைத் தானே விரித்துக்கொண்டு எமுலேஷன்ஸ்டேஷன் மெனுவுக்கு வந்துவிடும். அங்கிருந்தே உள் டிஸ்க்கிலும் நிறுவலாம்.

ஒரு விஷயத்தில் மட்டும் நிதானம் வேண்டும்: கேம்களை வைக்கும் டிஸ்க்கின் ஃபார்மட். விண்டோஸிலிருந்து கேம்களை நகலெடுக்க வசதி என்று பலர் எக்ஸ்ஃபேட் போடுகிறார்கள். பழைய கன்சோல் கேம்களுக்கு அது பரவாயில்லை. இங்கே ஆகாது. விண்டோஸ் கேம்களை லினக்ஸில் ஓட்டும் வைன், தன் டிரைவ் எழுத்துகளை சிம்லிங்க்குகளாக, அதாவது வேறிடத்தைச் சுட்டும் கோப்புகளாக வைத்துக்கொள்கிறது. எக்ஸ்ஃபேட்டில் சிம்லிங்க் கிடையாது. லிண்ட்பெர்க் கேம்களுக்கு 'இயக்கலாம்' என்ற அனுமதிக் குறி கோப்பின்மேல் இருக்க வேண்டும். எக்ஸ்ஃபேட்டில் அதையும் எழுதிவைக்க முடியாது. லினக்ஸின் சொந்த ஃபார்மட்டான இஎக்ஸ்டி4 போடுங்கள். கேம்களை நெட்வொர்க் வழியாக அனுப்பலாம். பட்டோசெரா தன்னை ஒரு பகிர்வு ஃபோல்டராக வீட்டு நெட்வொர்க்கில் காட்டும்.

கேம்களுக்கான ரோம்ஸ் ஃபோல்டருக்குள் ஒவ்வொரு அமைப்புக்கும் தனி ஃபோல்டர் இருக்கும். ஒவ்வொன்றிலும் 'இன்ஃபோ' என்ற சின்ன உரைக் கோப்பு உண்டு. எந்த வகைக் கோப்புகளை ஏற்கும், எப்படிப் பெயரிட வேண்டும் என்று அதில் எழுதியிருக்கும். பதிப்புக்குப் பதிப்பு இது மாறுவதால், இணையத்தில் கிடைக்கும் பழைய குறிப்புகளைவிட உங்கள் டிஸ்க்கில் இருக்கும் அந்தக் கோப்பை நம்புங்கள்.

டைப் எக்ஸ்: வைன் வழியாக

கேம் ஃபோல்டரை ரோம்ஸுக்குள் இருக்கும் 'விண்டோஸ்' ஃபோல்டரில் போடுங்கள். ஃபோல்டர் பெயரின் கடைசியில் புள்ளி வைத்து 'பிசி' என்று முடிக்க வேண்டும் (இங்கே மேற்கோளில் வரும் பெயர்களை ஆங்கில எழுத்தில் தட்டுங்கள்). இப்படிப் பெயரிட்டால் பட்டோசெரா அதை ஒரே கேமாக எடுத்துக்கொண்டு, அதற்கென்று தனியாக ஒரு வைன் பாட்டிலை உருவாக்கும். பாட்டில் என்பது அந்த கேமுக்கு மட்டுமான ஒரு பொய் விண்டோஸ்: அதற்கென்று ஒரு சி டிரைவ், ஒரு ரெஜிஸ்ட்ரி. ஒரு கேமுக்காகச் செய்யும் மாற்றம் மற்றொன்றைக் கெடுக்காது என்பது இதில் பெரிய நிம்மதி. புள்ளி வைத்து 'வைன்' என்று முடித்தால் அந்த ஃபோல்டரே பாட்டிலாகிவிடும். வெளியில் தயாராகச் செய்துவைத்த பாட்டிலைக் கொண்டுவரும்போது அது உதவும்.

அடுத்து, ஃபோல்டருக்குள் 'ஆட்டோரன்' என்ற பெயரில், 'சிஎம்டி' நீட்சியோடு ஒரு உரைக் கோப்பு. அதில் இரண்டு வரி போதும். முதல் வரி 'டிஐஆர்', சமக்குறி, அதன்பின் இயக்க வேண்டிய நிரல் இருக்கும் உள்ஃபோல்டர். இரண்டாவது வரி 'சிஎம்டி', சமக்குறி, அதன்பின் நிரலின் பெயர். இரண்டு சொல்லையும் பெரிய எழுத்தில் எழுதுங்கள். நிரலின் பெயரில் இடைவெளி இருந்தால் மேற்கோள் குறிக்குள் போடுங்கள். நிரல் ஏதாவது சூழல் மாறியை எதிர்பார்த்தால் 'இஎன்வி' என்ற மூன்றாவது வரியும் சேர்க்கலாம். ஜப்பானிய எழுத்துகள் குப்பையாகத் தெரியும் கேம்களுக்கு மொழி மாறியை ஜப்பானியத்துக்கு மாற்றி எழுத இந்த வரிதான் இடம். சில கேம்கள் ஜப்பானிய விண்டோஸ் இல்லையென்றால் தங்கள் கோப்புகளையே கண்டுபிடிக்காது. பெயர்கள் அந்த எழுத்துக் குறிமுறையில் இருப்பதுதான் காரணம்.

இப்போது கேமைத் தொடங்கினால் பெரும்பாலும் ஓடாது. பொத்தான் பலகை எங்கே என்று கேட்டுவிட்டு நின்றுவிடும். இந்த இடத்தில்தான் ஒரு ஏற்றி தேவை. விண்டோஸ் உலகில் பரவலாகப் பயன்படுவது டெக்னோபேரட். கேமுக்கும் விண்டோஸுக்கும் நடுவில் நின்று, பொத்தான் பலகை கேட்டால் பலகைபோலப் பதில் சொல்லி, உங்கள் கன்ட்ரோலரின் அசைவுகளை அதற்கு ஊட்டுகிறது. அது விண்டோஸ் நிரல் என்பதால் அதையும் வைனுக்குள்ளேயே ஓட்ட வேண்டும். அதன் திரைக்கு மைக்ரோசாஃப்டின் டாட்நெட் தேவை. அதற்குப் பதிலாக வைனோடு வரும் மோனோ போதாமல் ஜன்னல் திறக்காவிட்டால், வைன்ட்ரிக்ஸ் என்ற துணைக் கருவி மூலம் அந்தப் பாட்டிலுக்குள் டாட்நெட் 4.8 நிறுவுங்கள். நேரம் எடுக்கும், நடுவில் நிறுத்தாதீர்கள்.

ஏற்றியின் திரையில் ஒரே ஒருமுறை வேலை இருக்கிறது: கேமைச் சேர்த்து, நிரல் கோப்பு இருக்கும் இடத்தைக் காட்டி, உள்ளீட்டு முறையாக எக்ஸ்இன்புட்டைத் தேர்ந்தெடுத்து, பொத்தான்களைப் பதிவுசெய்து சேமிப்பது. அப்புறம் ஒவ்வொரு கேமுக்கும் ஒரு ப்ரொஃபைல் கோப்பு கிடைக்கும். ஆட்டோரன் கோப்பின் 'சிஎம்டி' வரியில் ஏற்றியின் பெயரையும், கூடவே அந்த ப்ரொஃபைலின் பெயரையும் எழுதிவிட்டால், மெனுவில் கேமைத் தொட்டவுடன் நேராக ஆட்டத்துக்குப் போகும். நடுவில் ஜன்னல், மவுஸ் எதுவும் வராது. வரவேற்பறைப் பெட்டியில் இதுதான் வேண்டியது.

டி டிரைவ் விஷயத்தைத் தனியாகச் சொல்ல வேண்டும். டைப் எக்ஸ் கேம்களில் பல, மதிப்பெண்ணையும் அமைப்புகளையும் சி டிரைவில் எழுதாமல் டி டிரைவைத் தேடும். உங்கள் பாட்டிலில் டி என்று ஒன்றே இருக்காது. அதன் விளைவு வினோதமாக இருக்கும்: கேம் ஓடும், ஆனால் ஒவ்வொரு முறையும் முதல் நாள்போலத் தொடங்கும், இல்லையென்றால் எழுதும் தருணத்தில் விழுந்துவிடும். வைனின் அமைப்புத் திரையில் 'டிரைவ்ஸ்' பகுதிக்குப் போய், டி எழுத்தைச் சேர்த்து, கேம் ஃபோல்டருக்குள் ஒரு காலி ஃபோல்டரை அதற்குக் காட்டுங்கள். ஏற்றியிலேயே இந்த வசதி இருந்தால் அதையே பயன்படுத்துங்கள். இரண்டையும் போட்டுக் குழப்ப வேண்டாம்.

கேமின் மேல் தெற்குப் பொத்தானை (கன்ட்ரோலரின் வலப்பக்க நான்கு பொத்தான்களில் கீழே இருப்பது) சற்று நேரம் அழுத்திப் பிடித்தால், அந்த கேமுக்கு மட்டுமான அமைப்புகள் திறக்கும். எந்த வைன் என்பதை அங்கே மாற்றலாம். ஒன்றில் ஓடாதது மற்றொன்றில் ஓடுவது சகஜம், அதனால் இருப்பவற்றை ஒரு சுற்று மாற்றிப் பாருங்கள். டிஎக்ஸ்விகேவை அங்கேயே இயக்கலாம், அணைக்கலாம். அணைத்தால் வைன் தன் பழைய ஓபன்ஜிஎல் வழியில் வரையும். வேகம் குறையும், ஆனால் வல்கன் 1.3 இல்லாத கார்டுகளுக்கு அதுதான் கதி.

அறிமுக வீடியோவில் உறைந்து நின்றால் பெரும்பாலும் காரணம் விண்டோஸ் மீடியா வீடியோ. வைனுக்கு அதைப் பிரிக்க கோடெக் கிடைக்கவில்லை என்று பொருள். வைன் பதிப்பை மாற்றிப் பார்ப்பதுதான் முதல் மருந்து. "டி3டிஎக்ஸ்9" என்று தொடங்கும் ஒரு லைப்ரரி இல்லை என்று லாக்கில் வந்தால் வைன்ட்ரிக்ஸில் அதே பெயரில் ஒரு தொகுப்பு இருக்கிறது. விஷுவல் சி++ லைப்ரரிகளும் அப்படித்தான்.

ரெய்டன் 3 போன்ற நெடுக்குத் திரை கேம்கள் தனி சந்தோஷம். மானிட்டரைத் திருப்பி வைக்க முடிந்தால் அந்த கேமுக்கு மட்டும் திரைச் சுழற்சியை மாற்றி ஓட்டிப் பாருங்கள். அகலத் திரையின் நடுவில் ஒரு பட்டையாகத் தெரிந்த கேம் முழு மானிட்டரையும் நிரப்பும்போதுதான், தோட்டாக்களுக்கு நடுவே எவ்வளவு இடம் விட்டு வடிவமைத்திருக்கிறார்கள் என்று புரியும்.

லிண்ட்பெர்க்: லினக்ஸிலிருந்து லினக்ஸுக்கே

எனக்கு இந்த மொத்த விஷயத்திலும் மிகப் பிடித்த பகுதி இது. லிண்ட்பெர்க் கேம் 32-பிட் லினக்ஸ் நிரல். வைன் வேண்டாம், மொழிபெயர்ப்பு வேண்டாம். 2006இல் ஒரு ஆர்கேட் பெட்டிக்காகத் தொகுக்கப்பட்ட நிரலை இன்றைய கெர்னல் நேரடியாகத் தூக்கி ஓட்டுகிறது.

இதற்கான திறமூல ஏற்றி லிண்ட்பெர்க் லோடர். அது செய்வது அழகான வேலை. கேம் தொடங்கும் முன் தன்னுடைய லைப்ரரியை அதற்குள் முன்கூட்டியே புகுத்திவிடுகிறது. லினக்ஸில் 'எல்டி ப்ரீலோட்' என்று இதற்கு ஒரு வசதி எப்போதுமே உண்டு. அப்புறம் கேம் அடிப்பலகையின் டிரைவரைத் திறக்கப் போனால், அந்த அழைப்பு கெர்னலுக்குப் போகாமல் ஏற்றியின் கைக்கு வரும். பொத்தான் பலகை, பாதுகாப்புப் பலகையில் இருக்கும் டிப் ஸ்விட்சுகள், நினைவுச் சில்லு எல்லாவற்றுக்கும் அது பதில் சொல்லும். நினைவுச் சில்லில் எழுத வேண்டியதைச் சாதாரணக் கோப்புகளாக எழுதிவைக்கும். ஒருநாள் கேம் திடீரென்று தொடங்க மறுத்தால் அந்தக் கோப்புகளை வேறிடத்துக்கு நகர்த்திவிட்டு ஓட்டிப் பாருங்கள். புதிதாக உருவாக்கிக்கொண்டு ஓடினால், பழையது கெட்டிருந்தது என்று அர்த்தம்.

பட்டோசெராவின் புதிய பதிப்புகளில் இந்த ஏற்றி உள்ளேயே வருகிறது. ரோம்ஸுக்குள் லிண்ட்பெர்க் ஃபோல்டரைப் பார்த்து, அங்குள்ள இன்ஃபோ கோப்பு சொல்வதுபோல கேம் ஃபோல்டரை வையுங்கள். டெபியன், உபுன்டு போன்ற சாதாரண லினக்ஸில் அமைப்பவர்களுக்கு வேலை சற்று அதிகம். முதலில் 32-பிட் கட்டமைப்பை இயக்க வேண்டும். பிறகு ஃப்ரீகுளட், ஓபன்ஏஎல், பழைய சி++ லைப்ரரி ஆகியவற்றின் 32-பிட் பதிப்புகள், மறக்காமல் என்விடியா டிரைவரின் 32-பிட் பகுதி. இந்தக் கடைசியை விட்டுவிட்டு, கார்டு நன்றாக இருந்தும் படம் வரவில்லை என்று தவிப்பவர்கள் பலர்.

இங்கே ஒரு குழப்பமான அறிகுறி உண்டு. கேம் கோப்பு கண்முன்னே இருக்கும். ஓட்டினால் டெர்மினல் "அப்படி ஒரு கோப்போ ஃபோல்டரோ இல்லை" என்று சொல்லும். அது இல்லை என்று சொல்வது உங்கள் கேமை அல்ல. கேமை ஏற்றித் தரவேண்டிய 32-பிட் லிங்கரை. 32-பிட் அடிப்படைத் தொகுப்புகளை நிறுவினால் சரியாகிவிடும். அதன்பிறகும் நின்றால் 'எல்டிடி' கட்டளையைக் கேம் கோப்பின்மேல் ஓட்டுங்கள். அதற்கு வேண்டிய லைப்ரரிகளை வரிசையாகக் காட்டும். 'நாட் ஃபவுண்ட்' என்று எந்த வரியில் வருகிறதோ அதுதான் குறை. அனுமதி மறுக்கப்பட்டது என்று வந்தால், ஜிப்பிலிருந்து பிரிக்கும்போதோ வேறு டிஸ்க் வழியாக வந்தபோதோ இயக்கும் அனுமதி உதிர்ந்துபோயிருக்கும். அதைத் திரும்பக் கொடுங்கள். கோப்புப் பெயர்களில் பெரிய எழுத்து, சின்ன எழுத்து மாறியிருக்கிறதா என்றும் பாருங்கள். விண்டோஸுக்கு இரண்டும் ஒன்று, லினக்ஸுக்கு வேறுவேறு.

என்விடியா கார்டை ஏன் சொன்னேன் என்றால், லிண்ட்பெர்க்கில் இருந்தது என்விடியா மட்டும்தான். கேம்களை எழுதியவர்கள் ஷேடர்களை (ஒளி, நிறம் ஆகியவற்றைக் கணக்கிட்டு வரையும் சிறு நிரல்கள்) அந்தக் கார்டுக்கே உரிய முறையில் எழுதிவைத்தார்கள். ஏஎம்டி, இன்டெல் கார்டுகளுக்காக ஏற்றி அந்த ஷேடர்களைத் திருத்தித் தருகிறது. பல கேம்களுக்கு அது போதும். ஆனால் தண்ணீர் கறுப்பாகத் தெரிவது, ஒரு பாத்திரத்தின் முகம் மட்டும் காணாமல் போவது போன்றவை வந்தால் முதலில் சந்தேகப்பட வேண்டியது இதைத்தான்.

ஏற்றிக்கு ஒரு அமைப்புக் கோப்பு உண்டு. அதைத் திறந்து மேலிருந்து கீழ் ஒருமுறை படியுங்கள். அகலம், உயரம், முழுத்திரை, பிராந்தியம், இலவச ஆட்டம், ஃப்ரேம் கட்டுப்பாடு எல்லாம் அங்கே இருக்கின்றன. விர்ச்சுவா ஃபைட்டர் 5 பெட்டியில் ஓடியது 1280க்கு 768 அளவில். முதலில் அந்த மூல அளவிலேயே ஓட்டி, எல்லாம் சரி என்று ஆன பிறகு அளவைக் கூட்டிப் பாருங்கள். கேமின் வேகம் கூடினால் ஃப்ரேம் கட்டுப்பாட்டை இயக்கி 60 என்று வையுங்கள். பிராந்தியத்தை மாற்றினால் சில கேம்களில் மொழியும் மாறும்.

கையில் பிடிப்பவை

சண்டை கேம்களுக்கு ஒரு ஆர்கேட் ஸ்டிக் போதும். பேசுவதற்கு அதிகம் இல்லை. செலக்ட் பொத்தானை நாணயத்துக்கு வைப்பது எல்லோருக்கும் பழகிய வழக்கம். விசைப்பலகையை மட்டுமே ஏற்கும் கேமாக இருந்தால், கேமின் அமைப்பு மெனுவிலேயே 'பேட் டு கீபோர்டு' என்ற பகுதி இருக்கிறது. எந்தப் பொத்தான் எந்த விசை என்று அங்கேயே குறித்துவிடலாம்.

ஓட்டும் கேம்களில் ஸ்டீயரிங் சுற்றளவு முக்கியம். வீட்டு ஸ்டீயரிங்குகளில் பல 900 பாகை சுற்றுபவை. இனிஷியல் டி, அவுட்ரன் போன்ற பெட்டிகளின் ஸ்டீயரிங் சுமார் 270 பாகைதான். அப்படியே விட்டால் ஒரு கொண்டை ஊசி வளைவுக்குக் கை பின்னிக்கொள்ளும் அளவு திருப்ப வேண்டியிருக்கும். பட்டோசெராவின் ஸ்டீயரிங் அமைப்பிலோ, சாதாரண லினக்ஸில் ஓவர்ஸ்டீயர் என்ற கருவியிலோ 270க்குக் குறையுங்கள். அதன் பிறகுதான் இந்த கேம்களின் உண்மையான கைப்பதம் கிடைக்கும்.

துப்பாக்கி கேம்களுக்கு பட்டோசெரா சின்டன், கன்ஃபோர்ஐஆர் போன்ற வீட்டுத் துப்பாக்கிகளை அறியும். ஹவுஸ் ஆஃப் தி டெட் 4 பெட்டியில் துப்பாக்கியை உலுக்கினால்தான் தோட்டா நிரம்பும். வீட்டுத் துப்பாக்கியில் அந்த உணரி இல்லாவிட்டால், ஒரு பொத்தானை உலுக்கலுக்கு ஒதுக்குங்கள். இதைச் செய்யாமல் ஓட்டிவிட்டு, தோட்டா தீர்ந்ததும் கேம் பழுது என்று நினைப்பவர்கள் உண்டு. லெட்ஸ் கோ ஜங்கிள் வேறு ரகம்: அதில் துப்பாக்கி பெட்டியோடு பொருத்தப்பட்டது, அதன் சாய்வைத்தான் கேம் அளக்கிறது. அதனால் குறி விலகினால் டெஸ்ட் மெனுவில் அளவுத்திருத்தம் செய்ய வேண்டும்.

சொந்தப் பெட்டியும் அசல் பொத்தான் பலகையும் வைத்திருப்பவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. அந்தப் பலகையைக் கம்ப்யூட்டரோடு சேர்க்கும் ஜேவிஎஸ் இணைப்பின் முனை பார்க்க அப்படியே யூஎஸ்பிதான். உள்ளே ஓடுவது ஆர்எஸ்-485 சிக்னல். அதை கம்ப்யூட்டரின் யூஎஸ்பி துளையில் நேரடியாகச் செருகாதீர்கள். யூஎஸ்பியிலிருந்து ஆர்எஸ்-485க்கு மாற்றும் அடாப்டர் தேவை, கூடவே ஜேவிஎஸ்ஸுக்கு உரிய சென்ஸ் கம்பியையும் இணைக்க வேண்டும். பலகை தன் முகவரியை வாங்கிக்கொண்டதைத் தெரிவிப்பது அந்தக் கம்பி வழியாகத்தான். அப்புறம் லிண்ட்பெர்க் ஏற்றியின் அமைப்பில் போலிப் பலகையை அணைத்துவிட்டு, அடாப்டர் இருக்கும் சீரியல் போர்ட்டைக் குறிப்பிடுங்கள். அசல் பொத்தான், அசல் நாணயத் துளை எல்லாம் உயிர்பெறும்.

டெஸ்ட் மெனு

கேம் தொடங்கியதும் ஆடப் போகாதீர்கள். முதலில் டெஸ்ட் மெனு. பெட்டிக் கதவைத் திறந்து மெக்கானிக் அழுத்தும் பொத்தான் அது. லிண்ட்பெர்க் ஏற்றியை நேராக டெஸ்ட் நிலையிலேயே தொடங்கவும் முடியும். உள்ளீட்டுச் சோதனைப் பக்கத்துக்குப் போய் ஒவ்வொரு பொத்தானாக அழுத்திப் பாருங்கள். திரையில் 'ஆன்' என்று மாறினால் கன்ட்ரோலரிலிருந்து கேம்வரை வழி முழுவதும் திறந்திருக்கிறது. மாறாவிட்டால் கேமைக் குறை சொல்ல வேண்டாம், பொத்தான் பதிவுக்குத் திரும்புங்கள். ஆஃப்டர் பர்னர் கிளைமாக்ஸில் விமானம் தானாக ஒரு பக்கம் சாய்ந்தால் ஸ்டிக்கின் நடுப்புள்ளியை இங்கே திருத்த வேண்டும்: ஸ்டிக்கை நான்கு மூலைக்கும் சுற்றிவிட்டு, கையை எடுத்து நடுவில் நிற்கவிட்டுச் சேமியுங்கள்.

சேமிப்புத் தரவு கெட்டது என்று முதல்முறை பிழை வந்தால் பயப்படத் தேவையில்லை. காலிச் சில்லைப் பார்த்து கேம் அப்படித்தான் சொல்லும். 'பேக்கப் டேட்டா கிளியர்' ஒருமுறை செய்தால் தீர்ந்தது. ஓட்டும் கேம்கள் பக்கத்துப் பெட்டியைத் தேடி நெட்வொர்க் சோதனையில் நின்றால், இணைப்பு அமைப்பில் ஒற்றைப் பெட்டி என்று மாற்றுங்கள். இலவச ஆட்டத்தையும் இங்கே வைக்கலாம். நான் நாணயத்தையே வைத்திருக்கிறேன். பொத்தானை அழுத்தும்போது வரும் அந்த ஒலி இல்லாமல் ஆர்கேட் முழுமையாவதில்லை.

ஓடாவிட்டால்

பட்டோசெராவில் எஃப்1 அழுத்தினால் கோப்பு மேலாளர் திறக்கும். சிஸ்டம் ஃபோல்டருக்குள் 'லாக்ஸ்' என்று ஒன்று. அதில் 'இஎஸ் லாஞ்ச்' என்று தொடங்கும் இரண்டு கோப்புகள். கடைசியாக ஓட்டிய கேம் என்ன சொல்லிவிட்டு விழுந்தது என்று அங்கே இருக்கும். பிழை என்ற சொல் பல இடங்களில் வரும், வைன் ஓயாமல் புலம்பும் இயல்புடையது. கடைசி இருபது முப்பது வரிகளில் ஏதாவது கோப்பு, லைப்ரரி, டிரைவ் இல்லை என்று வருகிறதா என்று மட்டும் தேடுங்கள். உதவி கேட்கும்போதும் "ஓடவில்லை" என்று மட்டும் சொல்லாமல் அந்த வரிகளையும், கார்டு, டிரைவர், பட்டோசெரா பதிப்பையும் சேர்த்துச் சொன்னால் பதில் சீக்கிரம் கிடைக்கும்.

ஒரு நேரத்தில் ஒன்றை மட்டும் மாற்றுங்கள். வைன் பதிப்பு, டிஎக்ஸ்விகே, தெளிவுத்திறன் மூன்றையும் ஒரே மூச்சில் மாற்றி கேம் ஓடிவிட்டால், எது காரணம் என்று அடுத்த கேமுக்குப் பயன்படாது.

ஓடத் தொடங்கிய பிறகு

எல்லாம் சரியாக ஓடும் அன்றே கேம் ஃபோல்டரையும், சிஸ்டத்தில் இருக்கும் வைன் பாட்டில்களையும், சேமிப்புகளையும் வேறொரு டிஸ்க்குக்கு நகலெடுத்துவிடுங்கள். பட்டோசெராவைப் புதுப்பிக்கும்போது வைனும் மாறும். பழைய பாட்டில் புதிய வைனோடு சண்டை போடலாம். நன்றாக ஓடிய வைன் பதிப்பைத் தனியாக எடுத்து, தனிப்பயன் வைன்களுக்கான ஃபோல்டரில் வைத்துக்கொண்டால், புதுப்பித்த பிறகும் அந்த கேமுக்கு மட்டும் அதையே தேர்ந்தெடுக்க முடியும்.

பாட்டிலை ஒரே சுருக்கக் கோப்பாக மாற்றும் வசதியும் இருக்கிறது: டபிள்யூஸ்குவாஷ்எஃப்எஸ். மூலக் கோப்பு மாறாமல் படிக்க மட்டும் திறக்கும், கேம் புதிதாக எழுதுவதெல்லாம் சேமிப்பு ஃபோல்டரில் தனி அடுக்காகப் போய்ச் சேரும். கேம் என்ன குழப்பம் செய்தாலும் அந்த அடுக்கை நீக்கினால் முதல் நாள் நிலைக்குத் திரும்பும். டெஸ்ட் மெனு அமைப்புகள், டி டிரைவ், பொத்தான் பதிவு எல்லாம் முடிந்த பிறகு மாற்றுவது நல்லது. அப்போது அவையும் அந்தக் கோப்புக்குள்ளேயே போய்விடும்.